ஐப்பசியில் நாம் பாடவில்லையாம்

என் ஆசை மச்சான் கோவிந்தனுக்கு,

இந்தக் கடிதத்தை நானே என் கையால் எழுதுகிறேன். தலத்தெரு மாலை வகுப்பில் சேர்ந்து ஒரு வருஷமாகிறது. எழுபத்திரண்டு வயதில் எழுத்துக் கூட்டிப் படிப்பதில் எவ்வளவு சந்தோஷம் தெரியுமா? முதலில் உன் தங்கச்சி பேரைத்தான் எழுதிக் காட்டினேன். "இதா நானு? இவ்ளோ கோணலாவா இருக்கேன்?" என்றாள்.

நான் முழுதாகப் படித்த முதல் புத்தகம், நீ சாகும்வரை பட்டுத்துணியில் சுற்றி வைத்திருந்ததுதான். சரித்திரப் பேராசிரியர் ஒருவர் டேப் ரெக்கார்டரோடு வந்து மூன்று நாள் உன்னைக் கேள்வி கேட்டாரே, அவர் எழுதியது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் நம் கரை ஜனங்களின் பண்பாடும் சமூகமும் என்று அட்டையில் இருக்கிறது. "என் பேச்சு அச்சுல ஏறிடுச்சு மாப்ள" என்று ஊரெல்லாம் காட்டினாய். ஒருவரும் பிரித்துப் படிக்காதது உன் அதிர்ஷ்டம்.

நீ அவரிடம் சொன்னது எனக்கு ஞாபகம் இருக்கிறது. "எங்க பாட்டன் காலத்துலயும் ஐப்பசில பாடு கெடயாதுங்க. கெடச்ச பாட்ட எல்லாரும் பங்கு வச்சுக்குவோம்." பாடு என்றால் வலையில் விழுந்த மீன். கரையில் கைக்குழந்தைக்கும் தெரியும். அவர் அதைப் பாட்டு என்று எடுத்துக்கொண்டார். ஐப்பசியில் இம்மக்கள் பாடுவதில்லையாம், கடலில் செத்தவர்களுக்காகத் துக்கமாம். மூன்று பக்கம். பாட்டை அடி அடியாகப் பிரித்து ஆளுக்குக் கொஞ்சம் பாடினோமாம். கெளுத்திக்கு எத்தனை அடி மச்சான், இறாலுக்கு எத்தனை? அட்டையில் பண்பாடு என்று போட்டவருக்கு உள்ளே இருக்கிற பாடு தெரியவில்லை.

சிரித்துவிட்டு மூடியிருப்பேன். ஆனால் அந்தப் பக்கத்தின் அடியில், 'தகவல்: கோவிந்தன், மீனவர்' என்று உன் பேர். இந்த உளறலைச் சொன்னவன் நீயாம். அவர் கையில் ஒரு மீனை எடுத்துக் கொடுத்துச் சொல்லியிருக்கக் கூடாதா நீ?

போன மாதம் புதுப் பதிப்புக்கு இங்கே விழா. பேராசிரியரும் வந்திருந்தார். நான் எழுந்து நின்றேன்.

"ஐயா, பாடுன்னா மீனுங்க."

"அது இப்ப உள்ள வழக்கா இருக்கலாம் பெரியவரே. நான் ஆவணத்த வச்சு எழுதுறவன்."

"அந்த ஆவணம் எங்க மச்சான் வாய்தாங்க."

கூட்டம் சிரித்தது. "அடுத்த பதிப்புல பாக்கலாம்" என்று, அந்தப் புழுக்கத்தில் சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டார். அவ்வளவு படித்தவருக்குத் தப்பு என்ற மூன்றெழுத்து வரவில்லை. அடுத்து கீழவாஞ்சூர்த் துறைமுகத்தைப் பற்றி எழுதப்போகிறாராம். அங்கே கப்பலில் வந்து இறங்கும் நிலக்கரியை என்னவென்று எழுதுவாரோ.

அடுத்த பதிப்புவரை நான் இருப்பேனா, தெரியாது. அதனால் அந்தப் புத்தகம் எந்த நூலகத்தில் இருந்தாலும் தேடிப் போவேன். உன் பேருக்குப் பக்கத்தில், ஓரத்தில், பேனாவால் எழுதுவேன்: 'கோவிந்தன் சொன்னது மீனை. பாட்டு என்று கேட்டது இவர் காது.' நேற்று ஒரு பிரதியில் எழுதியாயிற்று. நூலகர் கத்தினார். மீதியையும் விடமாட்டேன் மச்சான்.

கையெழுத்துப் போடத் தெரிந்த,
உன் தங்கச்சி புருஷன்
வீராசாமி