பச்சைத் திருக்கை

பிப்ரவரி 13, 1979. செவ்வாய்

காலையிலிருந்து குளிர்ந்த தெற்குக் காற்று. எங்கள் பொரிருவா ஊரில் இதைக் கோடைக்காலம் என்று யாராவது சொன்னால் சிரிப்புத்தான் வரும். தையல் ஆலையில் மதிய இடைவேளையில் யாரோ செய்தித்தாளைக் கொண்டுவந்து போட்டார்கள். உள்பக்கத்தில் எங்கள் கூட்டத்தின் தலைவன் கிங்கியின் படம். முதுகைக் காட்டி நிற்கிறான். கறுப்புத் தோல் ஜாக்கெட், நடுவில் பச்சைத் திருக்கை மீன். "எங்கள் பச்சை, மூதாதையரின் பச்சைக்கல். இந்த நிறத்துக்காக உயிரையும் கொடுப்போம்" என்று சொல்லியிருக்கிறான்.

பச்சைக்கல்லாம்!

ஆறு வருஷத்துக்கு முன்னால் எங்கள் தெருப் பையன்கள் வெறும் ஜீன்ஸ் ஜாக்கெட்டின் கையை வெட்டி, வீட்டுக்கு அடிக்கிற பெயின்டால் முதுகில் கிறுக்கிக்கொண்டு திரிந்தார்கள். மழையில் உரிந்துபோகும். ஆலையில் ஏதோ பள்ளிக்கூடத்துக்குப் பச்சைக் கோட்டு தைத்தோம். வெட்டி மிஞ்சிய துண்டுகளை நான்தான் பையில் திணித்து வீட்டுக்குக் கொண்டுவந்தேன். திருக்கையை வரைந்ததும் நான், வெட்டியதும் நான், முதல் பன்னிரண்டு பேர் முதுகில் தைத்ததும் நான். அந்த வாரம் நீலக் கோட்டு தைத்திருந்தால் இவர்கள் மூதாதையர் கடலாகியிருப்பார்கள்.

ஒரு வரி. "கரரைனா தைத்தாள்" என்று ஒரே ஒரு வரி. சொன்னால் என்ன தேய்ந்துவிடும்?

பிப்ரவரி 18. ஞாயிறு

பன்றி எலும்பும் கீரையும் வேகவைத்திருந்தேன். தங்கை பேகாவும் அவள் புருஷன் ரேவியும் வந்தார்கள். ரேவி கூட்டத்தில் எடுபிடியாகச் சேர்ந்து எட்டு மாதம். என் புருஷன் தூரோவா சேர்ந்து இரண்டு வருஷம். இன்னும் பீர் பெட்டி தூக்குகிறான், வண்டி கழுவுகிறான், சின்னம் இல்லாத மொட்டை முதுகோடு கூட்டத்தின் கடைசியில் நடக்கிறான். சகலைகள் இரண்டு பேரும் வாசலில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தார்கள். தூரோவாவால் எப்படிச் சிரிக்க முடிகிறதோ.

மார்ச் 11. ஞாயிறு

ரேவிக்குச் சின்னம் கொடுக்கிறார்களாம்.

பேகா மூச்சிரைக்க ஓடிவந்தாள். "அக்கா! கிங்கியே கூப்பிட்டுச் சொல்லியிருக்கார்! நீதான் தைக்கணும், வேற யாரும் தைக்கக் கூடாதுன்னு ரேவி சொல்லிட்டான்."

"நல்லது" என்றேன்.

"என்னக்கா, அவ்வளவுதானா?"

"அடுப்புல ரொட்டி இருக்கு, கருகிடும்."

அவள் முகத்தைப் பார்க்கவே எனக்குப் பிடிக்கவில்லை. சின்ன வயதிலிருந்தே இப்படித்தான். எனக்கு வருஷக்கணக்காக வாய்க்காதது அவளுக்குக் கேட்காமலே மடியில் விழும். ஆலையில் வேலை, அம்மாவின் தோடு, எல்லாம். இப்போது இதுவும்.

தூரோவா கேள்விப்பட்டு, "பையன் நல்லவன், கிடைக்கட்டும்" என்றான். குரலில் ஒன்றுமே இல்லை. பின்கட்டுக்குப் போய் விறகு பிளந்துகொண்டே இருந்தான். போன வாரம் பிளந்த விறகே அப்படியே கிடக்கிறது.

மார்ச் 12

ஆலையில் இன்று இரண்டு ஊசி உடைத்தேன்.

மார்ச் 16. வெள்ளி

தைத்து முடித்துவிட்டேன். நேரம் இல்லை, அவசரமாக முடிக்கவேண்டியதாயிற்று.

மார்ச் 18. ஞாயிறு

ரேவி அதைப் போட்டுக்கொண்டு கடைத்தெருவில் நடந்தான். பேகா பக்கத்தில். நானும் தூரோவாவும் நாலடி பின்னால். மீன் வறுக்கிற கடை வாசலில் நின்ற கூட்டம் தானாக விலகிற்று. கடைக்காரன் ரேவிக்குப் பொட்டலத்தில் இரண்டு துண்டு கூடப் போட்டுக் கொடுத்தான். எட்டு மாதம் முன்பு இதே ஆள் இதே ரேவியை, "கையை ஷோகேஸ் மேல வைக்காதே" என்று விரட்டினான். முகம் அதே முகம். முதுகில் ஒரு முழத் துணி, அவ்வளவுதான்.

பேகா திரும்பி, "என்னக்கா மெதுவா வர்றே?" என்று கேட்டாள்.

கால் வலி என்றேன்.

ஏப்ரல் 5. வியாழன்

எங்கள் தெருவில் குழந்தைகள்கூடப் பச்சைக் கைக்குட்டையைப் பின்பாக்கெட்டில் தொங்கவிட்டுக்கொண்டு அலைகிறார்கள். மேட்டுப் பக்கம் பருந்துக் கூட்டத்தின் இடம், அங்கே மஞ்சள். பக்கத்து வீட்டுக்காரி மகளுக்கு மஞ்சள் கம்பளிச் சட்டை பின்ன ஆரம்பித்துப் பாதியில் பிரித்துவிட்டாளாம். "எதுக்கு வம்பு கரா, எட்டு வயசுப் புள்ளைன்னு யாரு பாக்கப் போறா?" என்கிறாள். ஆரம்பத்தில் நாங்கள் யாரென்று நாங்களே தெரிந்துகொள்ளத்தான் இந்தத் துணி. மலையோரத்திலிருந்தும் தீவுகளிலிருந்தும் வேலை தேடி வந்து, இந்த அரசாங்க வீடுகளில் விழுந்து, ஒருத்தருக்கும் ஒருத்தரைத் தெரியாது. இப்போது நிறம் பார்த்துத்தான் கம்பளி வாங்கவேண்டியிருக்கிறது.

எல்லாவற்றையும் இப்படி யோசிக்கிறேனே, தூரோவா முதுகில் அது இருந்தால் யோசிப்பேனா?

மாட்டேன்.

ஏப்ரல் 21. சனி

மைதானத்தில் ரக்பி லீக் ஆட்டம். முடிந்து வண்டி நிறுத்தும் இடத்தில் நிற்கிறோம். பருந்துகள் ஏழெட்டு பேர் வந்துவிட்டார்கள். எல்லாம் எச்சில் விழுங்குகிற நேரத்துக்குள். ஒருத்தன் பின்னாலிருந்து ரேவியின் முதுகுச் சின்னத்தைப் பிடித்து ஒரே இழுப்பு.

வந்துவிட்டது. முழுசாக. மேலிருந்து கீழ்வரை, ஓலைக் கீற்று கிழிகிற மாதிரி. அவன் அதைத் தலைக்கு மேல் தூக்கிக் கூத்தாடினான். ஓடிப்போய் வண்டியில் ஏறிவிட்டார்கள்.

ரேவி மொட்டை முதுகோடு நின்றான். தூரோவாவைப் போலவே.

அப்போது எனக்குச் சந்தோஷமாக இருந்தது. எழுதிவிட்டேன். ஒரு நொடி. இருந்தது.

ஏப்ரல் 22. ஞாயிறு

கூட்டத்து வீட்டுக்கு என்னையும் கூப்பிட்டார்கள். ரேவி நடுவில் நிற்கிறான்.

கிங்கி அவனைக் கேட்டான்: "குழந்தை டவுசர்ல பாக்கெட் பிச்சா கூட இவ்வளவு லேசா வராது. நீயே கழட்டிக் குடுத்தியா? அவங்களோட ஏதாவது பேச்சா?"

கிங்கி என் பக்கம் திரும்பினான்.

"கரா, நீதானே தச்சே?"

"ஆமா."

"எப்படித் தச்சே?"

"எப்பவும் போலத்தான்."

ரேவி என்னைப் பார்த்தான். பிறகு கிங்கியிடம், "அக்கா தையல்ல குத்தமில்ல. நான்தான் கோட்டை விட்டுட்டேன்" என்றான். கிறுக்கன், இப்படியா வலியப் போய்த் தலையைக் கொடுப்பான்?

என்னையும் பேகாவையும் வெளியே போகச் சொன்னார்கள். முள்வேலி ஓரத்தில் நின்றோம். உள்ளே சத்தம் கேட்டது. பேகா என் கையைப் பிடித்துக்கொண்டாள். என் கையை! தூரோவா வெளியே வந்தபோது முகம் வெளுத்திருந்தது. வரிசையாக எல்லோரும் ரேவியை அடிக்கவேண்டும், துப்பவேண்டும், அதுதான் தண்டனை. தூரோவாவும். ரேவிக்கு விலா எலும்பு இரண்டு போய்விட்டது.

ஏப்ரல் 23

போதும். இங்கேயாவது பொய் எழுதக் கூடாது.

நேரம் இருந்தது. நிறைய இருந்தது. தோலில் தைக்கிற உறுதியான மெழுகு நூல் கண்டு மேஜை டிராயரில் இருந்தது. நான் டிராயரைத் திறக்கவே இல்லை. ரவிக்கைக்குப் போடுகிற கறுப்புப் பருத்தி நூலை ஊசியில் கோர்த்தேன். ஒற்றை வரிசை. நீள நீளத் தையல். என்ன நினைத்துச் செய்தேன்? கிழியட்டும் என்றா? இல்லை... நன்றாகத் தைக்கக் கை வரவில்லை. அவனுக்கு இதுபோதும் என்று தோன்றியது. அவ்வளவுதான். அவ்வளவுதான் என்று எப்படிச் சொல்வது, மனுஷன் மூச்சு விடமுடியாமல் கிடக்கிறானே.

போய்ச் சொல்லிடலாமா? சொன்னா என் வீட்டை விட்டு வைப்பாங்களா? தூரோவா கதி?

ஏப்ரல் 24. செவ்வாய்

கிங்கி தூரோவாவைக் கூப்பிட்டு அனுப்பினான். பறிபோன சின்னத்தை மீட்டு வரவேண்டும். மீட்டால் அவனுக்கே சின்னம்.

தூரோவா வீட்டுக்கு வந்து என்னைத் தூக்கிச் சுற்றினான். கல்யாணத்தன்றுகூட அவன் இப்படிச் சிரிக்கவில்லை.

"போகாதே" என்றேன்.

"ரெண்டு வருஷமா நீதானே முணுமுணுத்துக்கிட்டிருந்தே? என்னைப் பார்த்தாலே மூஞ்சியைத் தூக்கி வச்சுக்குவியே. இப்ப போகாதேங்கிறே?"

நான் போய் அடுப்பைத் துடைத்தேன்.

ஏப்ரல் 28. சனி

கொண்டுவந்துவிட்டான். பட்டப்பகலில், பருந்துகள் வீட்டுக்குள்ளேயே போயிருக்கிறார்கள், இவனும் இன்னொருவனும். சட்டையில் ரத்தம், அவனுடையது இல்லை. சக்கரம் கழற்றுகிற இரும்புக் கம்பியை ஒருத்தன் தலையில் போட்டுவிட்டானாம். "எழுந்திருச்சிடுவான், எழுந்திருச்சிடுவான்" என்று திரும்பத் திரும்பச் சொன்னான்.

சின்னத்தைச் சமையல் மேஜையில் போட்டுவிட்டுக் குளிக்கப் போனான். பேகா அப்போது எங்கள் வீட்டில் இருந்தாள், ரேவிக்குக் கஞ்சி வாங்கிப்போக வந்திருந்தாள். சின்னத்தைக் கையில் எடுத்து ஜன்னல் பக்கம் திரும்பி நின்றாள். ரொம்ப நேரம் நின்றாள். அப்புறம் வைத்துவிட்டுப் போய்விட்டாள். கஞ்சியை எடுக்க மறந்துவிட்டாள்.

ஏப்ரல் 29

தூரோவாவின் சின்னத்தைத் தைத்தேன். மெழுகு நூல், மூன்று வரிசை. விரலில் ரத்தம் வந்தது. கண்ணாடியில் முதுகைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "நல்லாருக்கா கரா?"

நல்லாருந்தது. அதுதான் கொடுமை.

மே 2. புதன்

போலீஸ் வந்தது. மூன்று நாள்தான் போட்டிருந்தான். ஜாக்கெட்டை என்னிடம் கழற்றிக் கொடுத்துவிட்டு வெறும் பனியனோடு வண்டியில் ஏறினான். அடிபட்டவன் பிழைத்துவிட்டானாம், ஒரு காது போய்விட்டது.

மே 6. ஞாயிறு

பேகா வந்தாள். உட்காரவில்லை. என் கையை விரித்து உள்ளங்கையில் எதையோ வைத்தாள். கறுப்பு நூல் பிசிறுகள்.

"அன்னிக்கு சின்னத்து ஓரத்துல ஒட்டிக்கிட்டிருந்துச்சு. கிங்கி கண்ணுல படாம பிடுங்கினேன். காட்டன் நூல்க்கா. நானும் அதே ஆலையில நாலு வருஷம் தச்சவதானே."

"பேகா..."

"ஏன்க்கா? என்கிட்ட கேட்டிருந்தா, சின்னம் வேண்டாம்னு ரேவியைச் சொல்லச் சொல்லியிருப்பேனே. அவனும் சொல்லியிருப்பான். உனக்குத் தெரியாதா எங்களை?"

எனக்குத் தெரியும். அதுதான் எனக்கு ஆகவில்லை. கேட்டால் தூக்கிக் கொடுத்துவிட்டு நிம்மதியாகச் சாப்பிடப் போகிற ஜென்மங்கள். என்னால் அப்படி எதையும் விட முடியாது.

"யாருக்கும் சொல்ல மாட்டேன்" என்றாள். "பயப்படாதே." கதவைச் சத்தமில்லாமல் சாத்திக்கொண்டு போனாள். ஓங்கி அறைந்துவிட்டுப் போயிருக்கலாம்.

ஜூன் 17

பேகாவும் ரேவியும் கடல் தாண்டி பிரிஸ்பேனுக்குப் போய்விட்டார்கள். பக்கத்து வீட்டுக்காரி சொல்லித்தான் தெரியும்.

ஆகஸ்ட் 8

தூரோவாவுக்கு நான்கு வருஷம் என்று தீர்ப்பு. கிங்கியின் ஆட்கள் நீதிமன்ற வாசலில் பச்சைச் சின்னத்தோடு நின்று கைதட்டினார்கள். என்னிடம் எல்லோரும் மரியாதையாகப் பேசுகிறார்கள். மீன் கடையில் எனக்கும் இரண்டு துண்டு கூட.

1980, அக்டோபர் 19. ஞாயிறு

அத்தை மகள் ஒருத்தி பிரிஸ்பேன் போய் வந்து ஒரு படம் காட்டினாள். பேகா, ரேவி, தோளில் ஒரு குழந்தை. ரேவி போட்டிருந்தது சாதாரண வெள்ளைச் சட்டை. கடையில் தொங்குமே, அந்த மாதிரி. முன்னால் ஒன்றுமில்லை. பின்னாலும் இருக்காது. யாரும் அவனுக்கு வழிவிட மாட்டார்கள், யாரும் இழுக்கவும் மாட்டார்கள்.

வயிறு எரிந்தது. ஒரு வெள்ளைச் சட்டையைப் பார்த்து! வீட்டுக்கு வந்து அழுதேன்.

நவம்பர் 9. ஞாயிறு

சிறைக்குப் போனேன். இந்தப் பக்கம் பருந்துக்காரன், அந்தப் பக்கம் நம் ஆள், எல்லோருக்கும் ஒரே சாம்பல் நிற உடை. தூரோவா வழக்கம்போல முதலில், "ஜாக்கெட் பத்திரமா இருக்கா?" என்றான்.

சொல்லிவிட்டேன். டிராயர், நூல், எல்லாம்.

காவலர் நேரமாயிற்று என்று குரல் கொடுத்தார்.

"அப்ப ரேவி கழட்டிக் குடுக்கல?"

"இல்ல."

"நான் அவன் மூஞ்சில துப்பினேன் கரா."

எழுந்து போய்விட்டான். திரும்பிப் பார்க்கவில்லை.

நவம்பர் 16

பார்க்க வரவேண்டாம் என்று சொல்லி அனுப்பியிருக்கிறான்.

நவம்பர் 17

பிரிஸ்பேனுக்கு எழுதினேன். ரேவி பெயருக்கே. மன்னிப்புக் கேட்கவில்லை, கேட்க முகம் இல்லை. நடந்ததை எழுதி, தூரோவாவுக்குச் சொல்லிவிட்டேன் என்றும் எழுதினேன். கிங்கியிடமும் போய்ச் சொல்லவேண்டுமானால் சொல்கிறேன் என்று முடித்தேன்.

டிசம்பர் 12. வெள்ளி

பதில் வந்தது. ரேவியின் கோணல் கையெழுத்து.

"அக்கா, அது எனக்கு அன்னிக்கே தெரியும். அந்த மைதானத்துல நின்னுக்கிட்டு ஜாக்கெட்ல தொங்கின நூலையெல்லாம் நான்தான் பிடுங்கிப் போட்டேன். கிங்கி பார்த்திருந்தா நேரா உன் வீட்டுக்கு வந்திருப்பான். பேகாவுக்கு இருக்கிறது நீ ஒருத்திதான். கிங்கிகிட்ட ஒண்ணும் சொல்லாதே, அது முடிஞ்சுபோச்சு. இங்கே மெத்தை தைக்கிற இடத்துல ஆள் கேக்கறாங்க. பேகா தானா எழுத மாட்டா, ஆனா தபால்காரன் வர்ற நேரத்துக்கு வாசல்லயே நிக்கிறா. பொண்ணுக்கு உன் பேரைத்தான் வச்சிருக்கோம்."

மூன்று முறை படித்தேன். விலா எலும்பு உடையும்போதும் அவனுக்குத் தெரிந்திருக்கிறது. நான் வேலியோரம் நின்றிருந்தேன்.

நல்லவன் என்று நினைத்து மனசு இளகவேண்டும், இல்லையா? இளகியது. கூடவே அந்தப் பழைய எரிச்சலும் வந்தது. இப்படி ஒருத்தன் அவளுக்குத்தானே வாய்த்தான் என்று. எழுதிவைக்கிறேன், இருக்கட்டும்.

மதியம் விடுப்பு போட்டுவிட்டு தபால் நிலையத்துக்குப் போனேன். பேகாவுக்குத் தந்தி கொடுத்தேன். குழந்தையின் மார்பளவும் தோளளவும் அனுப்பு, என்ன நிறம் பிடிக்கும் என்று நீயே சொல்.