ரேடியேட்டரில் போர் தண்ணீர்

ஏப்ரல் 2, புதன்

முடிச்சூர் சாலையில் வண்டி இன்று மானத்தை வாங்கியது. சூட்டு முள் சிவப்பைத் தொட்டது. பானட்டிலிருந்து ஆவி. ஓரங்கட்டி இறங்குவதற்குள் மூன்று பேர் கூடிவிட்டார்கள். முதல் கேள்வி, "சார் வரலியா மேடம்?" சார் வந்தால் இன்ஜின் குளிர்ந்துவிடுமா?

ஒருவர் ரேடியேட்டர் மூடியைத் திருகவே போய்விட்டார். "தொறக்காதீங்க, மூஞ்சி வெந்துடும்!" என்று கத்தினேன். "நாங்க பாக்காத வண்டியா?" என்று முறைத்தார். அரை மணி நேரம் ஆறவிட்டு, தண்ணீர் ஊற்றி, திருமுடிவாக்கம் கம்பெனிக்குப் போய்ச் சேரும்போது பத்தேகால்.

வீட்டில் இவர் தட்டிலிருந்து தலையே நிமிராமல் சொல்கிறார்: "கிளட்ச்லேர்ந்து காலை எடுக்காம ஹாஃப் கிளட்ச்லயே ஓட்டினா அப்படித்தான்."

நாலு வருஷமாக ஓட்டுகிறேன். ஒரு கீறல் உண்டா?

ஏப்ரல் 5, சனி

மறுபடியும். பெருங்களத்தூர் பாலத்து ஏற்றத்தில், பின்னால் அத்தனை ஹாரன்.

இவர் முடிவே செய்துவிட்டார். ஆபீஸ் நண்பர் கதிரேசன் அடுத்த ஞாயிறு சாயங்காலம் வண்டி பார்க்க வருகிறாராம். "உனக்கும் கார் ஓட்டுறதுக்கும் ஒத்துவரல, தபீதா." அப்போ நான் எப்படி வேலைக்குப் போவது? இரண்டு பஸ், ஒரு ஷேர் ஆட்டோ. "ரொம்ப கஷ்டம்னா விட்டுடேன்." எதை? என் பன்னிரண்டு வருஷ வேலையையா? எவ்வளவு சுலபமாக வருது வாயில!

ஏப்ரல் 6, ஞாயிறு

ஞாயிற்றுக்கிழமை மட்டும் வண்டி இவருடையது. கோயிலுக்குப் போகும் முன் கழுவித் துடைத்து, போர் குழாயில் இரண்டு மக் பிடித்து ரேடியேட்டரை நிரப்புவார். "அதுக்கும் தாகம் எடுக்கும்ல?" பிறகு ராஜா மாதிரி ஓட்டிக்கொண்டு போவார். வாரம் பூராவும் ஓட்டுகிறவள் பக்கத்தில் பைபிளோடு.

ஏப்ரல் 8, செவ்வாய்

மூன்றாவது முறை. எழுதக்கூடத் தெம்பில்லை.

ஏப்ரல் 9, புதன்

லீவு போட்டுவிட்டு, நின்று நின்று, மெக்கானிக் துலுக்காணத்திடம் கொண்டுபோனேன். ரேடியேட்டரைக் கழற்றித் தட்டினார். உள்ளேயிருந்து வெள்ளை வெள்ளையாகச் செதில்.

"இன்னாக்கா இது, உப்பளமே கீது! எந்தத் தண்ணிய ஊத்திகினு கீறீங்க?"

"போர் தண்ணி."

"அதான் அடச்சிகினு கீது. இதுக்குன்னு கடையில விக்கிற கூலன்ட்டுதான் ஊத்தணும்."

"கிளட்ச்?"

"அதுக்கு இன்னா? சூப்பரா கீது."

இன்னொரு தடவை சொல்லச் சொன்னேன். சிரித்துக்கொண்டே சொன்னார்.

பீர்க்கன்கரணையில் எங்கள் தெருத் தண்ணீரில் பருப்பு வேகாது, வாளியெல்லாம் வெள்ளை பூக்கும். குடிக்கவும் சமைக்கவும் கேன் தண்ணீர்தான். அந்த உப்புத் தண்ணீரை வாராவாரம் வண்டிக்கு ஊற்றியிருக்கிறார். நானும்தான் பார்த்துக்கொண்டு நின்றேன், எனக்கும் உறைக்கவில்லையே. ஆனால் பழி மட்டும் என் கால் மேல்!

செதிலைப் பேப்பரில் மடித்து வந்து, சாப்பாட்டு மேசையில் அவர் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன். துலுக்காணம் சொன்னதை ஒரு வார்த்தை விடாமல் சொன்னேன். அவர் பார்த்தார். ரசம் கேட்டார்.

ரசமா! ஒரு 'தப்புதான்' வராதா அந்த வாயில? ஒரு வாரமா என் காலைக் குத்தம் சொன்ன வாய்!

ஏப்ரல் 12, சனி

துலுக்காணம் அடைப்பெடுத்துக் கூலன்ட் ஊற்றியதிலிருந்து, மூன்று நாளாக வண்டி முள் அசையாமல் ஓடுகிறது. கதிரேசன் போன் செய்தார். இவர் எடுப்பதற்குள் நான் எடுத்தேன். "வண்டி விக்கிறதுக்கு இல்லண்ணா." இவர் எதிரேதான் உட்கார்ந்திருந்தார். பேப்பரைப் புரட்டினார்.

ஏப்ரல் 13, குருத்தோலை ஞாயிறு

காலையில் பழக்கதோஷம், மக்கோடு வந்து பானட்டில் கை வைத்தார். நின்றார். தண்ணீரைக் குரோட்டன்ஸ் செடிக்கு ஊற்றிவிட்டு உள்ளே போனார்.

நான் புடவை மாற்றி வெளியே வந்தால், சாவி டிரைவர் சீட்டில் கிடக்கிறது. இவர் இடது பக்கம் ஏறி உட்கார்ந்திருக்கிறார், மடியில் பைபிள். பாலம் ஏறும்போது, "கிளட்ச்ச..." என்று ஆரம்பித்தார். திரும்பிப் பார்த்தேன். பைபிளைத் திறந்துகொண்டார்.

கோயில் வாசலில் உபதேசியார் ஏகநாதன் பதறி ஓடிவந்தார். "என்ன மேடம், நீங்க ஓட்டிட்டு வர்றீங்க? சாருக்கு உடம்பு சரியில்லையா?"

எனக்குச் சுர்ரென்று ஏறியது. நான் வாய் திறப்பதற்குள் இவர் இறங்கிவிட்டார்.

"நான் நல்லாத்தான் இருக்கேன். வண்டிக்குத்தான் கொஞ்ச நாளா உடம்பு சரியில்ல. என்னாலதான்."