கிழங்கில்லாத கோரை

எழுதுகிறேன், கோபித்துக்கொள்ளாதே. நீ இருந்தபோது பக்கத்தில் உட்கார்ந்து உன் பேச்சைக் கேட்டதோடு சரி. இப்போது நீ பதில் சொல்ல முடியாதபோது பேச வருவது எனக்கே கூச்சமாக இருக்கிறது.

வீட்டுப் பின்பக்கம் பழைய பெயிண்ட் வாளி ஒன்று வைத்திருக்கிறேன். காலையில் தண்ணீர் ஊற்றும்போது அதிலிருந்து ஏரிச் சேற்றின் வாசனை கிளம்புகிறது. உடனே நீ சுடிதாரை முழங்கால்வரை சுருட்டிக்கொண்டு எனக்கு முன்னால் நடக்கிறாய்.

கல்லூரியில் செடி சேகரித்து வரச் சொன்னபோது எல்லோரும் பூவைத் தேடிப் போனார்கள். நீ கே.ஜி.கண்டிகைக்குப் பஸ் ஏறி வந்து எங்கள் ஏரியில் இறங்கினாய். மதகுக்குப் பக்கத்தில், கோடையிலும் காயாத சிறு பள்ளத்தில் மட்டும் அந்தக் கோரை நின்றது. தலையில் வெள்ளை உருண்டை.

"கழனில இருக்கிறது இது இல்லடி. அது கண்ட எடத்துக்கும் ஓடும். இது பாரு, குத்தா ஒரே எடத்துல நின்னுகினு கீது" என்றாய்.

நான் அரிவாளால் அறுத்துக் கொடுத்தேன். மாட்டுக்குப் புல் அறுத்துப் பழகிய கை. வேரோடு எடுக்க வேண்டும் என்று நம் இருவருக்குமே தோன்றவில்லை. கனகம்மாசத்திரத்தில் உன் வீட்டில் உட்கார்ந்து அதைச் செய்தித்தாளில் வைத்து மடித்தபோது உன் அம்மா சிரித்தார்கள்.

"கோரையப் புடுங்கிப் புடுங்கி என் கை காப்பு காச்சிப் போச்சு. நீங்க காலேஜுக்குப் போயி அத்த மடிச்சி வெக்கிறீங்களா?"

"ஆங், நீ புடுங்கினத எல்லாம் எடுத்து வெச்சிருந்தா நான் எப்பவோ பாஸு."

வேரில்லாமல் பெயர் சொல்ல முடியாது என்று கல்லூரியில் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். "மழை வரட்டும், வேரோட எடுக்கலாம்" என்றாய். மழைக்கு முன்னால் உனக்குக் காய்ச்சல் வந்தது.

போன வாரம் ஏரியைத் தூர்வார ஜேசிபி வந்தது. அது மதகை நெருங்கியபோது நான் சேற்றில் இறங்கினேன். ஓட்டுநர் எட்டிப் பார்த்தார்.

"இன்னாமா, பூச்செடியா?"

"இல்லண்ணா, கோரை."

"கோரைக்கா இவ்ளோ சேத்துல எறங்கின?"

ஆனாலும் வண்டியை நிறுத்திவைத்தார். கையால் தோண்டினேன். கழனிக் கோரைக்கு இருப்பதுபோல அடியில் கிழங்கு இருக்கும் என்று நினைத்தேன். சிவந்த வேர் மட்டும்தான். நீ சொன்னது சரி, இது ஓடாது. மறுநாள் அந்தப் பள்ளமே இல்லை.

வாளியில் இருக்கும் அந்த ஒரு குத்துதான் மிச்சம். நுனி மஞ்சளாகிக்கொண்டே வருகிறது. எந்த வெயிலிலும் காயாத இடம் எனக்குத் தெரிந்து இன்னொன்றுதான் இருக்கிறது. உங்கள் கழனியில் மோட்டார் தண்ணீர் தொட்டியிலிருந்து வழியும் மூலை. நேற்று வாளியோடு பஸ் ஸ்டாண்டு வரை போய்த் திரும்பிவிட்டேன். உன் காரியத்துக்குப் பிறகு நான் அங்கே போகவில்லை. என்னைப் பார்த்தால் உன் அம்மாவின் கண் எனக்குப் பின்னால் உன்னைத் தேடும்.

ஆனாலும் ஞாயிற்றுக்கிழமை போகிறேன். நட்டுவிடுவேன். அதற்குப் பிறகுதான் பயம். கோரையைக் கண்டால் உன் அம்மாவின் கை தானாகப் போய்ப் பிடுங்கிவிடும். வேண்டாம் என்று சொல்ல வந்தாலும் அவர்கள் முன்னால் எனக்கு வார்த்தை வராது. அதனால் கேட்கிறேன். ஒருமுறை அவர்கள் கனவில் வா. இதற்குக் கிழங்கு இல்லை, கழனிக்குள் ஓடாது, இருந்துவிட்டுப் போகட்டும் என்று நீயே சொல்.