எல்லாத் திரையிலும் அம்மா

அம்மாவுக்கு வணக்கம். வேளாவேளைக்குச் சாப்பிடுகிறேன், முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன். அப்பாவுக்கு இருமல் நின்றதா?

எங்கள் ஆபீஸில் எல்லா மென்பொருளும் திரையில் படம் வரைய ஒரே பொதுக் கோப்பைத்தான் பயன்படுத்தும். சோதனைக்காக அதற்குள் உன் போட்டோவை வைத்தவள், எடுக்க மறந்துவிட்டேன். மறுநாள் எல்லார் கம்ப்யூட்டரிலும் நீதான்!

“யாரும்மா இவங்க, என்னையே முறைக்கிறாங்க?” என்றார் மேலாளர். ஒரே சிரிப்பு.

உடனே கோப்பை மாற்றினேன். எல்லார் திரையிலிருந்தும் மறைந்துவிட்டாய். என் திரையில் மட்டும் இருக்கிறாய். ஏதோ கோளாறுதான், பயப்படாதே.

ஆனால் அந்தப் போட்டோவில் உன் இடது கையில் வளையல் இருந்தது. இன்று காலையிலிருந்து மாவுக்கட்டு இருக்கிறது.

நேற்று போனில், “எனக்கென்னடி, கல்லு மாதிரி இருக்கேன்” என்றாயே?

மீட்டிங்குக்குக் கூப்பிடுகிறார்கள். இடது கை தெரிகிற மாதிரி ஒரு போட்டோ அனுப்பும்மா.

உன் மகள்