நெல் அறைக் கதவில் சரிந்த நட்சத்திரம்

பாவா,

இன்று காலை வானொலியில் ஒரு பெண் கருந்துளைகளைப் பற்றிப் பேசினாள். அதன் எல்லையில் சுவர் எதுவும் கிடையாது, உள்ளே விழுகிறவருக்குத் தாண்டியதே தெரியாது என்றாள். அரிந்துகொண்டிருந்த கத்தரிக்காயை அப்படியே வைத்துவிட்டேன். இதை உங்கள் வாயால் நான் கேட்டிருக்கிறேன். அப்போது கருந்துளை என்ற பெயர்கூட அதற்கு வந்திருக்கவில்லை.

ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று பட்டணமே காலியான வருஷம் அது. நீங்கள் பாடம் நடத்திய கல்லூரியை மூடிவிட்டார்கள். திருத்தணியில் நான் பிறந்த வீட்டுக்கு, என் நைனாவிடம், வந்துசேர்ந்தோம். யுத்தத்தில் காகிதத்துக்குப் பஞ்சம். நெல் கொட்டிவைக்கும் அறையின் பெரிய கதவில் சுண்ணக்கட்டியால் எழுத ஆரம்பித்தீர்கள். நம் கல்யாணத்துக்கு முன்பே கணக்கில் பி.ஏ. முடித்திருந்த நான் வரிவரியாகச் சரிபார்ப்பேன்.

பெரிய நட்சத்திரம் ஒன்று தன் பாரம் தாங்காமல் தனக்குள்ளேயே சரிந்தால், ஒரு கட்டத்துக்குப் பிறகு ஒளிகூட அதைவிட்டு வெளியேற முடியாது. அந்த எல்லையில் சமன்பாடு முடிவிலியில் போய் முட்டிக்கொள்ளும். அதனால் அப்படி ஒன்று இயற்கையில் இருக்கவே முடியாது என்பது படித்தவர்கள் கட்சி. நீங்கள் ஒப்பவில்லை.

"முடிவிலி நட்சத்திரத்துல இல்ல. நாம அளக்கிற விதத்துல இருக்குது."

அளக்கும் விதத்தை மாற்றி எழுதினீர்கள். முடிவிலி காணாமல் போயிற்று. அந்த எல்லையில் சுவர் இல்லை, விழுகிறவர் தெரியாமலே தாண்டிவிடுவார் என்றீர்கள். திரும்பத் திரும்பப் பார்த்தேன், எங்கும் பிழை இல்லை. அந்த நேரம் பார்த்து நைனா வந்து நின்றார்.

"நெல்லு எடுக்கணும் மாப்பிள. கதவைத் தொறக்கலாங்களா?"

"சித்த இருங்க மாமா. நட்சத்திரம் விழுந்துகினு இருக்குது."

கூலியாட்களை உட்காரச் சொல்லிவிட்டு நைனாவும் காத்திருந்தார்.

கல்லூரி திறந்ததும் நீங்கள் மட்டும் பட்டணம் போய், பேராசிரியர்கள் கூடிய சபையில் அதை விளக்கினீர்கள். "எழுதுற விதத்தை மாத்தினா உலகம் மாறிடுமா?" என்று தலைமைப் பேராசிரியர் கேட்டாராம். எல்லோரும் சிரித்தார்களாம். கணக்கை ஒருவரும் பார்க்கவில்லை. ரயிலை விட்டு இறங்கி வந்ததும் ஈரத்துணியால் கதவைத் துடைத்தீர்கள்.

"இனிமே எப்ப வேணா தொறங்க மாமா."

"ஏங்க, விழுந்து முடிஞ்சிடுச்சுங்களா?" என்றார் நைனா, நிஜமான அக்கறையோடு.

வெளிநாட்டுக்கு எழுதிப் போடலாம் என்றேன். யுத்தம் முடியட்டும் என்றீர்கள். யுத்தம் முடிந்தது. நீங்கள் அதன் பேச்சையே எடுக்கவில்லை.

பிறகு வந்த விஷக்காய்ச்சலில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபோதுதான், நான் கேட்காமலே சொன்னீர்கள்: "அந்தக் கணக்குல எங்கேயோ தப்பு பண்ணிட்டேன் போல."

"இல்லீங்க பாவா. நான் பார்த்தேன். சரியாத்தான் இருக்குது."

சிரித்து என் கையைப் பிடித்துக்கொண்டீர்கள். "உனக்கு என் மேல பிரியம். அதான் அப்படித் தோணுது."

அதற்குள் நர்ஸ் வந்துவிட்டாள். அதற்குப் பிறகு நீங்கள் தெளிவாகப் பேசவும் இல்லை, வீடு திரும்பவும் இல்லை. அன்று சொல்ல முடியாமல் போன பதிலைத்தான் இத்தனை வருஷமாக வைத்துக்கொண்டிருக்கிறேன். பிரியம் இருந்தது வாஸ்தவம், பாவா. ஆனால் அன்றைக்கு நான் சொன்னது கணக்கு.