ஹார்ட்லி ஐயா பார்த்துச் சொல்ற பொழுது

லண்டன்
டிசம்பர் 9

நைனாவுக்கு ஜினப்பிரியா வணக்கத்தோட எழுதறது. முட்டிவலி இப்ப எப்படி இருக்குது? அம்மா மாத்திரை ஒழுங்கா போடறாங்களா?

இங்க பொழுது நாலு மணிக்கே சாஞ்சிடுது. ஷூட்டிங் மும்முரத்துல மத்தியானச் சாப்பாட்டை விட்டுட்டு, நம்ம ஜைன வழக்கப்படி இருட்டினப்புறம் சாப்பிடக்கூடாதேன்னு ரெண்டு நாள் வெறும் வயித்தோட படுத்தேன். மூணாம் நாள் லேசா தலை சுத்தி விழுந்துட்டேன். பயப்படாதீங்க, கேமராவுக்கு ஒண்ணும் ஆகல.

நான் உதவியாளா இருக்கற கேமராமேன் ஹார்ட்லி ஐயாவுக்கு எழுபத்திரண்டு வயசு. கேமரா பொட்டி தூக்க வந்து, அம்பது வருஷமா வெளிச்சத்தைப் பாத்தே பொழைக்கிற வெள்ளைக்காரர். நான் காரணத்தைச் சொன்னப்ப சிரிக்கல. மறுநாள்லேருந்து வானத்தை அண்ணாந்து பாத்து, "இன்னும் அரைமணி இருக்குது, போய்ச் சாப்பிடு"ன்னு விரட்டறார். நேத்து ஒரே மூட்டம். இருட்டிடுச்சுன்னு டப்பாவை மூடிட்டேன். "அது மேகம்மா, பொழுது இன்னும் போகல"ன்னு நான் சாப்பிட்டு முடிக்கற வரைக்கும் ஷாட்டையே நிறுத்தி வச்சார்.

இதுதான் அவரோட கடைசிப் படம். வெள்ளிக்கிழமை முடியுது. திங்கக்கிழமை நான் வேற கேமராமேன்கிட்ட வேற படத்துக்குப் போறேன்.

பருப்புப்பொடி அனுப்புங்க. வேன் வந்து ஹாரன் அடிக்குது. இங்க மூணு மணின்னா நம்ம மேல்சித்தாமூர்ல எட்டரை நைனா. திங்கக்கிழமையிலேருந்து படுக்கறதுக்கு முன்ன ஒரு போன் போட்டு, சாப்டியான்னு மட்டும் கேளுங்க.

உங்க
ஜினப்பிரியா