ட்யூப்லைட்டை அணைக்காமல் எடுத்த படங்கள்

என் டிரெய்லர்கார அண்ணா, என் சேகர் அண்ணாவுக்கு,

நலமா என்று கேட்டால் சிரிப்பாய். அதனால் இங்கே நாங்கள் நலம் என்பதை மட்டும் முதலில் சொல்லிவிடுகிறேன். அம்மாவுக்கு முட்டி வலிக்கிறது, வாய்க்கு மட்டும் ஒரு குறையும் இல்லை. மணலி ஆலைகள் பக்கமிருந்து காற்று அடித்தால் இன்னும் அதே நாற்றம், ஜன்னலைச் சாத்தச் சொல்லி அம்மா போடுகிற அதே கூச்சல். உனக்கு முதல் வருஷம் கும்பிட்டு முடித்தோம். அன்றைக்கு நடந்ததை உன்னிடம் சொல்லாமல் எனக்கு மனசு ஆறவில்லை.

சொல்ல வந்தது உன் போட்டோக்களைப் பற்றி. கம்ப்யூட்டரில் லாரி கேம் ஆடும்போது எடுத்து எடுத்து எனக்கு அனுப்பித் தள்ளுவாயே, அந்தப் போட்டோக்கள். இதை வேறு நாலு பேரும் படிப்பார்கள், அவர்களுக்கும் புரியட்டும் என்று கொஞ்சம் விவரமாகவே எழுதுகிறேன். நீ பொறுத்துக்கொள்.

நீ துறைமுகத்துக்குக் கன்டெய்னர் ஏற்றிப்போகிற டிரெய்லர் ஓட்டினாய். ஓட்டின நேரத்தைவிட வரிசையில் நின்ற நேரம்தான் அதிகம். எண்ணூர் விரைவுச் சாலையில் முன்னால் ஒரு கன்டெய்னரின் முதுகு, பின்னால் இன்னொரு வண்டியின் மூக்கு, நடுவில் நீ. வண்டிக்குப் பக்கத்திலேயே அடுப்பு மூட்டிச் சோறாக்கிச் சாப்பிட்டு, பாத்திரத்தையும் கழுவி வைத்த பிறகும் வரிசை நகர்ந்திருக்காது என்பாய். அப்படி நின்று களைத்து வருகிறவன் வீட்டில் படுத்துத் தூங்குவான் என்றுதானே யாரும் நினைப்பார்கள்? நீ குளித்துவிட்டு லுங்கியோடு கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து மறுபடியும் லாரி ஓட்டினாய்.

"இன்னா நைனா, ரோட்லயும் லாரி, வூட்லயும் லாரியா? உனுக்கு வேற ஆட்டமே கெடைக்கலியா?" என்று அம்மா தலையில் அடித்துக்கொள்வாள்.

"எம்மோவ், இந்த ரோட்டப் பாரு. எனுக்கு முன்னாடி ஒரு வண்டி கீதா?"

இல்லைதான். ஏதோ வெளிநாட்டு மலை, இரண்டு பக்கமும் பனி, நடுவில் துடைத்து வைத்த மாதிரி ஒரு ரோடு. நீ ஒருத்தன் மட்டும் போய்க்கொண்டிருப்பாய். அந்தக் கம்ப்யூட்டர் என் ராயபுரம் ஆபீஸில் கழித்துக் கட்டியது. நான் டவுன் கட்டுகிற கேம் ஆடத்தான் வீட்டுக்கு எடுத்து வந்தேன். அதில் எனக்கு உட்கார இடம் கிடைத்தால்தானே!

நல்ல இடமாக வந்தால் வண்டியை நட்டநடு ரோட்டில் நிறுத்திவிடுவாய். பின்னால் வருகிற கம்ப்யூட்டர் கார்கள் எல்லாம் ஹாரன் அடிக்கும். நீ அதைக் கண்டுகொள்ளாமல் போனை எடுத்து, நெஞ்சுக்கு நேராகப் பிடித்து, திரையைப் போட்டோ எடுப்பாய். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். நாள் முழுக்கக் கம்ப்யூட்டரில் வேலை செய்து பிழைக்கிறவள் நான், என் வீட்டிலேயே இப்படி ஒருத்தன்!

"அண்ணா, இந்தக் கீய அழுத்துண்ணா. படம் தானா சேவ் ஆயிடும். இதுக்குப் பேருதான் ஸ்கிரீன்ஷாட்டு."

"சேவ் ஆயி எங்க போவும்?"

"ஒரு ஃபோல்டருக்குள்ள போவும்."

"அத்த நான் எப்டி தாஸுக்குக் காட்றது? கம்ப்யூட்டரத் தூக்கிகினு போயி லைன்ல நிக்க சொல்றியா?"

"சரி, லைட்டயாவது அணைச்சிட்டு எடு. ட்யூப்லைட்டு கோடு மாதிரி ஸ்கிரீன்ல வுழுது பாரு, கலீஜா கீது."

"அம்மா எறா உரிச்சிகினு கீது. இருட்ல கையில முள்ளு குத்திகிச்சின்னா நீ உரிப்பியா?"

இருப்பது ஒரே அறை, அதில் ஒரே ட்யூப்லைட். என் ஸ்கிரீன்ஷாட்டுகளை நான் கீயை அழுத்தி எடுத்தேன், கேம் ஆடுகிறவர்கள் குழுவில் போட்டேன், முகம் தெரியாத நாலு பேர் சூப்பர் என்றார்கள். நீ எடுத்தவை கோணல் மாணலாக, வெள்ளைக் கோடு விழுந்து, மேலே தூசியும் விரல் ரேகையுமாக என் போனுக்கு வந்து சேர்ந்தன. நான் ஒரு சிரிக்கிற பொம்மையை அனுப்பிவிட்டு வேலையைப் பார்ப்பேன்.

உன் கூட்டாளி தாஸ் அண்ணன் அப்புறம் ஒருநாள் சொன்னார். வரிசையில் நிற்கும்போது நீ போனைக் காட்டுவாயாம், சுற்றி நிற்கிற டிரைவர்கள் எல்லாம் நிஜம்போலவே விசாரிப்பார்களாம்.

"இன்னா லோடு மாமு?" என்று ஒருத்தர் கேட்க, "பால் பவுடரு" என்பாயாம்.

"ரிட்டன் லோடு மாட்டுச்சா?"

"அத்த வுடு. இந்த ரோட்டப் பாருடா. போலீஸ் இல்ல, கேட் இல்ல, லைன் இல்ல."

அவ்வளவு பேரும் கொஞ்ச நேரம் அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டு நிற்பார்களாம்.

காமாலை முற்றி நீ போனபோது இந்தப் போட்டோக்களை யார் நினைத்தார்கள்? தெருமுனையில் பேனர் வைக்க உன் முகம் வேண்டும் என்று பசங்கள் வந்து நின்றார்கள். எங்களிடம் ஒன்றுகூட இல்லை. மழைத் தண்ணீர் ஆலை எண்ணெயோடு வீட்டுக்குள் ஏறின வருஷமே நம் ஆல்பம் போய்விட்டது, அப்பாவின் படமும் அதோடு போனது. உன்னை நான் எடுக்க வந்தாலோ, "நான் இன்னா ஹீரோவா?" என்று முகத்தைத் திருப்பிக்கொள்வாய். கல்யாண வீட்டில் எல்லாரும் மேடையில் நிற்கும்போது நீ வேனைத் திருப்பி நிறுத்தப் போயிருப்பாய். உன் போனின் பேட்டர்ன் யாருக்கும் தெரியவில்லை. திறந்து தருகிறேன் என்ற கடைக்காரர் உள்ளே இருந்த எல்லாவற்றையும் அழித்துத் திறந்து கொடுத்தார்.

கடைசியில் லைசென்ஸ் படத்தையே பெரிசாக்கி வைத்தார்கள். அந்தப் படம் உனக்கே தெரியும். கன்னம் ஒட்டி, கண்ணை முறைத்து, யாரையோ வெட்டிவிட்டு வந்து உட்கார்ந்தவன்போல இருப்பாய். அம்மா வாசலுக்கு வந்து பேனரைப் பார்த்தாள். "இது என் புள்ள இல்ல" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். அது அங்கே இருந்த வரைக்கும் அவள் அந்த முனைப் பக்கமே போகவில்லை. தண்ணீர் லாரி வந்தால்கூடக் குடத்தைத் தூக்கிக்கொண்டு பின் தெரு வழியாகச் சுற்றிப் போனாள்.

அதோடு போயிருந்தால் பரவாயில்லை. கொஞ்ச மாசம் கழித்து ஒருநாள் தலையைப் பின்னிக்கொண்டே சொன்னாள். "அவன் மூஞ்சி எனுக்கு மறந்துகினே போவுது பாப்பா. கண்ண மூடினா அந்தப் பேனர் மூஞ்சிதான் வந்து நிக்குது." அப்பாவின் முகம் எனக்கு இப்போது சரியாக நினைவில் இல்லை. மூக்கு வரைக்கும் வரும், அதற்கு மேல் வராது. உன் முகமும் அப்படி ஆகிவிட்டால் அம்மா தாங்குவாளா? நான் தாங்குவேனா?

முதல் வருஷம் நெருங்கியது. தாஸ் அண்ணனும் பசங்களும் மறுபடி பேனர் வைப்போம் என்றார்கள். அதே படத்தை வைத்தால் நான் வீட்டை விட்டே போய்விடுவேன் என்றாள் அம்மா. டோல்கேட் பக்கம் பேனர் கடை வைத்திருக்கிற பாயைப் பார்க்கப் போனேன். "மூஞ்சி தெளிவா இருக்கிற ஒரே ஒரு படம் குடும்மா, மத்தத நான் பாத்துக்கறேன்" என்றார் அவர். அந்த ஒன்றுக்கு நான் எங்கே போவேன்?

மெட்ரோவில் திரும்பி வரும்போது போனை எடுத்தேன். நீ எனக்கு அனுப்பினதில் தப்பித்தவறி உன் முகம் ஒன்றாவது இருக்காதா என்று மேலிருந்து தள்ளிக்கொண்டே வந்தேன். ரோடு, மலை, பாலம், பனி, மறுபடி ரோடு. எனக்கு அழுகையே வந்துவிட்டது, இப்படியா ஒருத்தன் ரோட்டை மட்டுமே எடுப்பான் என்று.

அப்போது ஒரு சுரங்கப்பாதைப் படம் வந்தது. கேமில் ராத்திரி. திரை முழுக்கக் கறுப்பு, கீழே மட்டும் லாரி வெளிச்சம் கொஞ்சம். அந்தக் கறுப்பில் நம் ட்யூப்லைட் வெள்ளைக் கோடாக விழுந்திருந்தது. அதற்குக் கீழே நீ இருந்தாய்.

போன் நெஞ்சருகே. தலை ஒரு பக்கம் லேசாகச் சாய்ந்து, நல்ல ரோடு அமைந்துவிட்ட சந்தோஷத்தில் பல் எல்லாம் தெரியச் சிரிக்கிறாய். கம்ப்யூட்டர் திரை கண்ணாடியாகி உன்னை அப்படியே காட்டியிருக்கிறது. உன் தோளுக்குப் பின்னால் அம்மா இறால் தட்டோடு உட்கார்ந்திருக்கிறாள். ஓரத்தில் தலையில் துண்டு கட்டின பாதி நான்.

அடுத்ததைத் தள்ளினேன். பகல் ரோட்டில் நீ இல்லை. ராத்திரி ரோடு வந்தபோதெல்லாம் இருந்தாய். ஒன்றில் கொட்டாவி விடுகிறாய், ஒன்றில் வாயில் முறுக்கு. இன்னொன்றில் அம்மாவிடம் ஏதோ சொல்லத் திரும்பி, பாதி முகமாக இருக்கிறாய். இத்தனை நாளும் இவை என் போனிலேயேதான் இருந்தன, நான் ரோட்டை மட்டும் பார்த்துச் சிரித்திருக்கிறேன். விம்கோ நகரில் இறங்க மறந்து கடைசி ஸ்டேஷன் வரைக்கும் போய்விட்டேன். எதிர் சீட்டில் இருந்த அம்மா ஒருத்தர் பயந்து போய் எனக்குத் தண்ணீர் பாட்டில் நீட்டினார்.

வீட்டுக்கு வந்து நம் அம்மாவிடம் போனைக் கொடுத்தேன். கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, ரொம்ப நேரம் பார்த்தாள். "இதான் என் புள்ள" என்றாள். அப்புறம் போனைக் கிட்டே கொண்டுபோய், "பின்னாடி இது யாரு, நானா? தலயக்கூட வாரல, சனியன்" என்றாள். அழுதுகொண்டே சிரித்தோம் அண்ணா. நீ போன பிறகு இந்த வீட்டில் அப்படிச் சிரித்தது அன்றைக்குத்தான்.

பாய் கடைக்கு அம்மாவும் கூடவே வந்தாள். அவர் படத்தைப் பெரிசாக்கி, உன் முகத்தை வெளிச்சமாக்கி, ரோட்டையும் ட்யூப்லைட் கோட்டையும் அழிக்கப் போனார். "அத்தத் தொடாத பாய். அது அவன் ரோடு, கெடந்துட்டுப் போவட்டும்" என்றாள் அம்மா. "மூலையில ஸ்பீடுகூடத் தெரியுதேம்மா" என்றார். "தெரியட்டும்." ஆனால் தன்னையும் என்னையும் மட்டும் வெட்டிவிடச் சொன்னாள். உயிரோடு இருக்கிறவர்களை அந்தப் பேனரில் போடக்கூடாதாம், அதில் மட்டும் ரொம்ப உஷார்.

பேனர் ஏறின அன்றைக்கு அம்மா தெருமுனைக்குப் போய் முக்காலி போட்டே உட்கார்ந்துவிட்டாள். போகிற வருகிறவர்களை எல்லாம் நிறுத்தி உன்னைக் காட்டினாள். தாஸ் அண்ணன் மாலையைப் போட்டார். "ரோடு காலியாத்தான் கீது மாமு, நீ போ" என்று உன்னிடம் சொன்னார். அதற்கப்புறம் அவரை நாங்கள்தான் தேற்ற வேண்டியதாயிற்று.

உன்னைக் கிண்டல் செய்ததற்கு மன்னிப்பு எல்லாம் கேட்க மாட்டேன், நீயும் குறைவாகச் செய்யவில்லை. ஆனால் நன்றி சொல்ல வேண்டும், அதற்குத்தான் இந்தக் கடிதம். நான் சொன்ன கீயை அழுத்தாமல் விட்டாயே, அதற்கு நன்றி. அம்மா கையில் முள் குத்தும் என்று ட்யூப்லைட்டை அணைக்காமல் விட்டாயே, அதற்குக் கோடி நன்றி. நான் எடுத்த ஸ்கிரீன்ஷாட்டுகளைப் போனவாரம் திறந்து பார்த்தேன். எல்லாம் பளிச்சென்று சுத்தமாக இருந்தன, நம் வீட்டு ஆள் ஒருத்தர்கூட எதிலும் இல்லை.

இன்னொரு செய்தி. "அவன் வண்டி இப்ப எங்க நிக்குது?" என்று அம்மா கேட்டாள். கேமைத் திறந்தேன். ஏதோ ஒரு மலை ரோட்டில், நீ விட்ட இடத்திலேயே லோடோடு நின்றுகொண்டிருந்தது. இப்போது சாயங்காலத்தில் கொஞ்சம் கொஞ்சமாக நான் ஓட்டுகிறேன். வளைவில் இரண்டு தரம் கவிழ்த்துவிட்டேன், கோபித்துக்கொள்ளாதே. அம்மா பின்னாலேயே உட்கார்ந்து, "மெதுவா போடி, அவன் வண்டி" என்று உயிரை வாங்குகிறாள்.

கேமில் இருட்ட ஆரம்பித்தால் அம்மா கைவேலையை வைத்துவிடுகிறாள். சீப்பை எடுத்துத் தலையை வாரிக்கொள்கிறாள், புடவையை இழுத்து விட்டுக்கொள்கிறாள், என் தோளுக்குப் பின்னால் வந்து உட்காருகிறாள். சுரங்கப்பாதை வந்ததும், "நிறுத்து, நிறுத்து. இப்ப எடு" என்கிறாள். நான் வண்டியை நட்டநடு ரோட்டில் நிறுத்துகிறேன். பின்னால் ஹாரன் அடிக்கிறார்கள், அடிக்கட்டும்.

இது சத்தியம் அண்ணா. அந்தக் கீயை நான் இனித் தொட மாட்டேன். போனை நெஞ்சுக்கு நேராகப் பிடித்து, ட்யூப்லைட்டை எரியவிட்டே எடுப்பேன். அப்பா முகம்போல அம்மா முகம் ஒருநாளும் எனக்கு மறந்துபோகாது.

உன் வண்டியை இப்போது ஓட்டுகிற,
உன் ஒரே தங்கச்சி,
தேவி